கானா பாடகரின் கையெழுத்து மட்டும் போதுமா?

சென்னையிலிருந்து ஒரு வாசகி எழுதியிருக்கிறார். பெயரும் பேட்டையும் வெளியே தெரிய வேண்டாம் என்று கேட்டிருக்கிறார். ஆளை அடையாளம் காட்டக்கூடிய வேறு சில விவரங்களை நானே மாற்றியிருக்கிறேன். ஒன்பது பக்கக் கடிதத்தின் சுருக்கம் இது.

வயது 34. விளம்பரப் படங்களுக்கு எடிட்டிங் செய்து கொண்டிருந்தவர், வேலையை விட்டுவிட்டுச் சொந்தப் பணத்தில் ஆவணப்படம் எடுக்கிறார். ஊர் கண்டுகொள்ளாத, கண்டாலும் மதிக்காத கூட்டங்கள்தான் இவரை இழுக்கின்றன. முதல் படம், வட சென்னை மொட்டை மாடிகளில் பந்தயப் புறா வளர்ப்பவர்களைப் பற்றியது. அதற்காகப் போன இடத்தில் ஒரு ராத்திரி சாவு வீட்டுக் கானாவைக் கேட்டு அங்கேயே நின்றுவிட்டார். அப்புறம் மூன்று வருஷம், 140 மணி நேரப் பதிவு, அடகுக் கடையில் வளையல். இப்போது 72 நிமிடப் படம் தயார். வெளிநாட்டுத் திரைப்பட விழா ஒன்று தேர்வு செய்திருக்கிறது. ஐந்து வாரத்துக்குள் உரிமைக்கான ஆவணங்களை அனுப்பச் சொல்கிறார்கள்.

இந்த நேரம் பார்த்து நாலு பக்கமும் இடி. படம் முழுக்க வரும் பாடகர், விழாச் செய்தி கேட்டதும், "பாதிப் படம் என் பாட்டு, எனக்கு இன்னா?" என்கிறார். அவருடைய நண்பரின் சாவில் எடுத்த காட்சிதான் படத்தின் உயிர். இறந்தவரின் மனைவி இப்போது அதைப் போடக் கூடாது என்கிறார். குழுவில் பாடும் 16 வயதுப் பையன், கூர்நோக்கு இல்லத்தில் (குற்ற வழக்கில் சிக்கிய சிறார்களை வைக்கும் இடம்) இருந்த நாட்களைப் பற்றிக் கேமரா முன்னால் பேசியிருக்கிறான். பட்டாக்கத்தியால் பிறந்தநாள் கேக் வெட்டும் காட்சி ஒன்றும் பதிவில் இருக்கிறது. அது காதில் விழுந்த ஒரு காவல் அதிகாரி, "அந்த வீடியோவைக் கொஞ்சம் குடுங்கம்மா" என்று போனில் கேட்டிருக்கிறார். கடிதம் இப்படி முடிகிறது: "நான் அவங்க வீட்டுப் பொண்ணு மாதிரி சார். எல்லார்கிட்டயும் ரிலீஸ் பாரத்துல கையெழுத்து வாங்கியிருக்கேன். அப்படியும் ஏன் இவ்வளவு சிக்கல்?"

அன்புள்ள வாசகிக்கு,

அந்தப் பாரத்தை நீங்கள் இணைத்து அனுப்பியது நல்லதாகப் போயிற்று. நான்கு பக்கம், முழுக்க ஆங்கிலம். இணையத்திலிருந்து எடுத்தது என்று பார்த்தாலே தெரிகிறது. தகராறு வந்தால் கலிபோர்னியா நீதிமன்றத்தில் தீர்த்துக்கொள்ள வேண்டும் என்றுகூட ஒரு ஷரத்து இருக்கிறது. கீழே தமிழில் பதினொரு கையெழுத்து. அதில் ஒன்று பெருவிரல் ரேகை.

இந்திய ஒப்பந்தச் சட்டம் 1872இன் 13ஆம் பிரிவைப் படித்துப் பாருங்கள். இரண்டு பேரும் ஒரே விஷயத்தை ஒரே அர்த்தத்தில் புரிந்துகொண்டு ஒத்துக்கொண்டால்தான் அது சம்மதம். கையெழுத்துப் போட்டவர் ஆவணத்தைப் படித்தார் என்றுதான் சாதாரணமாக நீதிமன்றம் எடுத்துக்கொள்ளும். ஆனால் எழுத்து தெரியாதவரின் ரேகையும் அவருக்குத் தெரியாத மொழியும் சேர்ந்து வந்தால், படித்துக் காட்டி விளக்கினேன் என்று நிரூபிக்கும் பொறுப்பு உங்கள் தலையில் விழ வாய்ப்பு அதிகம். "வீட்டுப் பொண்ணு" என்ற வார்த்தையும் அங்கே உங்களுக்கு உதவாது. நாம் பாப்பா என்று கூப்பிடுகிறவர் நீட்டிய காகிதத்தைப் படிக்காமலே கையெழுத்துப் போடுவதுதான் நம் ஊர் வழக்கம்.

இதைச் சரி செய்ய ஐந்து வாரம் தாராளம். ஒரே பக்கத்தில் பேச்சுத் தமிழில் எழுதுங்கள். என்ன படம், எங்கெல்லாம் காட்டுவோம், ஓடிடிக்கு விற்றால் என்ன ஆகும், யூடியூபில் இரண்டு நிமிடத் துண்டு தனியாகச் சுற்றினால் யார் கண்ணிலெல்லாம் படும், இவ்வளவும் அதில் இருக்கட்டும். அதை வாசித்துக் காட்டுவதையும் அவர்கள் கேள்வி கேட்பதையும் கேமராவில் பதிவு செய்யுங்கள். உங்களுக்கு எது வராதோ அதைத்தானே செய்யச் சொல்கிறேன், பாரம் எழுதுவதை மட்டும். மற்றது உங்கள் தொழில்.

பாடகர் கேட்பது பேராசை இல்லை

"ஆவணப்படத்தில் வருகிறவர்களுக்குக் காசு கொடுத்தால் உண்மை கெட்டுவிடும், அதனால் கொடுக்கவில்லை" என்று எழுதியிருக்கிறீர்கள். தன் வாழ்க்கையைப் பற்றிப் பேசுகிறவருக்கு அது பொருந்தலாம். இவர் உங்கள் படத்தில் பாடுகிறார். பாடுவது அவருடைய தொழில். அட்வான்ஸ் வாங்கிக்கொண்டு கச்சேரிக்கு வருகிறவர். பதிப்புரிமைச் சட்டம் 1957இல் நிகழ்த்துபவர் உரிமை என்று ஒன்று உண்டு, 38ஆம் பிரிவு. சபாவில் பாடுகிறவர், பந்தலில் பாடுகிறவர் என்று சட்டம் பிரித்துப் பார்ப்பதில்லை. அந்த உரிமை 50 வருஷம் நிற்கும். 2012இல் சேர்த்த 38ஏ பிரிவின்படி, தன் நிகழ்ச்சியைப் படத்தில் சேர்க்க ஒருவர் எழுத்தில் ஒப்புக்கொண்டுவிட்டால், வேறு விதமாக ஒப்பந்தம் இல்லாத பட்சத்தில், தயாரிப்பாளர் அதை அனுபவிப்பதை அவர் பிறகு தடுக்க முடியாது. ஆனாலும் வணிகப் பயன்பாட்டுக்கு ராயல்டி கேட்கும் உரிமை அவரிடமே இருக்கும். உங்கள் பாரத்தில் முகத்தையும் குரலையும் பதிவு செய்யலாம் என்று இருக்கிறது. பாட்டைப் பற்றி ஒரு வரிகூட இல்லை.

பாட்டு எழுதியவர் யார் என்பது இன்னொரு கேள்வி. படத்தில் வரும் ஏழு பாட்டில் மூன்று அவருடைய மாமா கட்டியது என்கிறீர்கள். அப்படியானால் அந்த மாமாவிடமும் எழுத்தில் வாங்க வேண்டும். காலத்தைக் குறிப்பிடாவிட்டால் ஐந்து வருஷம் என்றும், இடத்தைக் குறிப்பிடாவிட்டால் இந்தியா மட்டும் என்றும் 19ஆம் பிரிவு எடுத்துக்கொள்ளும். வெளிநாட்டு விழாவுக்குப் போகிற படத்துக்கு இந்த இரண்டாவது விஷயம் சின்னதில்லை.

எவ்வளவு கொடுப்பது? படமே அவருக்குச் சொந்தம் ஆகிவிடாது. பணம் போட்டு, பொறுப்பேற்று எடுத்தவர் நீங்கள். சட்டப்படி படத்தின் உரிமை தயாரிப்பாளருக்குத்தான். அதனால் பாதி தருகிறேன் என்று உணர்ச்சி வேகத்தில் வாக்குக் கொடுத்துவிடாதீர்கள். பாட்டுக்கு இவ்வளவு என்று ஒரு தொகையை இப்போதே கொடுங்கள். கையில் இல்லையென்றால் தேதி போட்டு எழுதிக் கொடுங்கள். பிறகு படம் விற்றால் நிகர வருமானத்தில் இத்தனை சதவீதம், ஆறு மாதத்துக்கு ஒரு முறை கணக்கு என்று வையுங்கள். டேப் (தோல் மேளம்) அடிக்கிறவர்களையும் விட்டுவிடாதீர்கள். விழாத் திரையிடலுக்குப் பெரும்பாலும் பெரிய பணம் வராது என்பதை அவரிடம் உடைத்துச் சொல்லுங்கள். பேட்டையில் கட்டிய வரியை யாரோ எடுத்துப் போய்ச் சம்பாதித்தார்கள் என்ற ஆதங்கம் கானாக்காரர்களுக்கு நெடுநாளாக உண்டு. அவர் கேட்ட "இன்னா"வுக்குள் அதுவும் இருக்கிறது என்று நினைக்கிறேன்.

மெட்டு விஷயம் தனி. ஏழில் இரண்டு பாட்டு பழைய சினிமா மெட்டில் புது வரி போட்டவை. "முப்பது விநாடிக்குள் இருந்தால் பிரச்சினை இல்லையாமே" என்று கேட்டிருக்கிறீர்கள். அப்படி ஒரு கணக்கு நம் சட்டத்தில் எங்கேயும் கிடையாது. நியாயமான பயன்பாடு என்ற விலக்கு விமர்சனத்துக்கும் நடப்புச் செய்திக்கும் சொந்தப் படிப்புக்கும் உள்ளது. மிக அற்பமான பயன்பாட்டைப் பொருட்படுத்த வேண்டியதில்லை என்று டெல்லி உயர் நீதிமன்றம் 2012இல் சொன்னது உண்மைதான். ஆனால் உங்கள் படத்தில் அந்த மெட்டு மூன்று நிமிடம் முழுசாக ஓடுகிறது. பின்னால் சுவரோவியம் தெரிந்தால் கவலை வேண்டாம், அதற்கு 52ஆம் பிரிவில் தெளிவான விலக்கு இருக்கிறது. பின்னால் ஓடும் பாட்டுக்கு அந்த விலக்கு கிடையாது. அந்த இரண்டையும் எடுத்துவிட்டு, அவர் சொந்த மெட்டில் பாடியதைப் போட முடியுமா பாருங்கள். 140 மணி நேரத்தில் இல்லாமலா போகும்?

சாவு வீட்டில் எடுத்தது

இறந்தவரின் அந்தரங்க உரிமை அவரோடு முடிந்துவிடுகிறது, வாரிசுக்குப் போவதில்லை என்று சென்னை உயர் நீதிமன்றம் 2021இல் தீர்ப்புச் சொல்லியிருக்கிறது. நீங்களும் அதை எங்கேயோ படித்துவிட்டு, "அப்படியானால் நான் போடலாம்தானே" என்கிறீர்கள். அந்தத் தீர்ப்பு இறந்தவருக்கு. உங்கள் காட்சியில் அழுகிற மனைவி உயிரோடு இருக்கிறார்.

1994இல் ஆட்டோ சங்கரின் சுயசரிதையை ஒரு வார இதழ் வெளியிடுவதைப் பற்றிய வழக்கு உச்ச நீதிமன்றம் வரை போனது. ஒருவருடைய குடும்பம், திருமணம், வீடு போன்றவற்றைப் பற்றி அவர் சம்மதம் இல்லாமல் வெளியிடக் கூடாது, பொது ஆவணத்தில் இருப்பதற்கு மட்டும் அது பொருந்தாது என்று அங்கேதான் தெளிவாகச் சொன்னார்கள். 2017இல் ஒன்பது நீதிபதிகள் அந்தரங்கத்தை அடிப்படை உரிமை என்றே அறிவித்துவிட்டார்கள். தெருவில் பாடை போகிறது, முன்னால் கானா நடக்கிறது, ஊரே பார்க்கிறது. அதில் உங்கள் கட்சி பலமாக இருக்கும். வீட்டுக்குள், பெண்களுக்கு நடுவில், அவர் தலைவிரி கோலமாக விழுந்து அழும் அந்த நாலு நிமிடம் அப்படியில்லை. அன்றைக்கு உங்களுக்கு அனுமதி கொடுத்தது பாடகர். அவருக்கு அதைக் கொடுக்க என்ன அதிகாரம்? அந்த அக்கா பாரத்தில் கையெழுத்துப் போட்டது பதினாறாம் நாள் காரியத்தன்று என்று நீங்களே எழுதியிருக்கிறீர்கள். அந்தத் தேதியை எந்த வக்கீலாவது குறுக்கு விசாரணையில் விட்டுவைப்பாரா?

என் கருத்து: வீட்டுக்குள் எடுத்ததை நீக்குங்கள். படத்தின் உயிரே அதுதான் என்கிறீர்கள். நீங்கள் அனுப்பிய பகுதியைப் பார்த்தேன். வாசலில் பாடகர் இரண்டாவது சரணத்தில் குரல் உடைந்து நிறுத்துகிறாரே, டேப் மட்டும் தனியாக அடித்துக்கொண்டிருக்கிறதே, எனக்கு அங்கேதான் தொண்டை அடைத்தது. இது சட்ட ஆலோசனை இல்லை, கணக்கில் சேர்க்க வேண்டாம்.

பையன் விஷயத்தில் பேரமே கிடையாது

அவனுடைய அம்மா சம்மதித்துவிட்டார், முகத்தையும் மங்கலாக்கிவிடுகிறேன், அதனால் பிரச்சினை இல்லை என்கிறீர்கள். இரண்டுமே போதாது.

சிறார் நீதிச் சட்டம் 2015இன் 74ஆம் பிரிவு, சட்டத்தோடு முரண்பட்ட (அதாவது குற்றம் செய்ததாகச் சொல்லப்படும்) குழந்தையின் பெயர், முகவரி, பள்ளி, அடையாளம் காட்டக்கூடிய வேறு எந்த விவரத்தையும் எந்த ஊடகத்திலும் வெளியிடக் கூடாது என்கிறது. மீறினால் ஆறு மாதம் வரை சிறை, அல்லது இரண்டு லட்சம் ரூபாய் வரை அபராதம், அல்லது இரண்டும். குழந்தையின் நலனுக்காக என்று சிறார் நீதி வாரியம் எழுத்தில் அனுமதித்தால் மட்டும் விலக்கு. அம்மா அனுமதித்தால் என்று அதில் இல்லை. அவனே போட்ட கையெழுத்து செல்லாது என்பது 1903லேயே பிரிவி கவுன்சில் (வெள்ளைக்காரர் காலத்து உச்ச மேல்முறையீட்டு மன்றம்) முடித்துவைத்த விஷயம்; பதினெட்டு வயது நிறையாதவர் செய்யும் ஒப்பந்தம் ஒப்பந்தமே இல்லை.

மங்கலாக்கினால்? குரல் அவனுடையது. கழுத்தில் பச்சை குத்தியிருக்கிறது. பின்னால் அந்த ஹவுசிங் போர்டு படிக்கட்டு. அடுத்த காட்சியிலேயே அதே சட்டையில் முகம் தெரிய மேடையில் பாடுகிறான். யாருக்குத் தெரியாது? அவனைப் பாடகனாக மட்டும் வைத்துக்கொள்ளுங்கள், அதற்கு அம்மாவிடம் புதிதாக எழுதி வாங்கி. கூர்நோக்கு இல்லத்தைப் பற்றி அவன் பேசுவதை முழுக்க எடுத்துவிடுங்கள். படத்தின் விளம்பரக் குறிப்பில் "சீர்திருத்தப் பள்ளியிலிருந்து மேடைக்கு" என்று ஒரு வரி இருக்கிறது. அதை இன்றைக்கே அழியுங்கள்.

கத்தியும் போனும்

இதுதான் எனக்கு ஆகப் பெரிய கவலை. உங்களுக்காக மட்டுமில்லை.

2018 பிப்ரவரியில் பூந்தமல்லி பக்கம் ஒரு பிறந்தநாள் விழாவைப் போலீஸ் சுற்றி வளைத்து, 70 பேருக்கு மேல் பிடித்தது நினைவிருக்கும். அரிவாளால் கேக் வெட்டிய காட்சி ஊரெல்லாம் சுற்றியது. அப்போதிலிருந்து கத்தியும் கேக்கும் ஒரே சட்டகத்தில் வந்தால் காவல் துறை கண்ணை மூடிக்கொள்வதில்லை. உங்கள் காட்சியில் வரும் பையன்கள் விளையாட்டுக்குச் செய்தார்கள் என்றே வைத்துக்கொள்வோம். ஆனால் ஏற்கெனவே ஒரு கேஸ் இருக்கிற பையனுக்கு, அது ஹிஸ்டரி ஷீட்டுக்கும் (ஒருவரைப் பற்றிக் காவல் நிலையம் வைத்திருக்கும் குற்றப் பதிவேடு) நூற்றிப்பத்து பாண்டுக்கும் (இனி ஒழுங்காக இருப்பேன் என்று எழுதி வாங்குவது) தீனி ஆகும். பழைய நூற்றிப்பத்து இப்போது புதிய குற்றவியல் நடைமுறைச் சட்டத்தில் 129. பேட்டையில் இன்னும் பழைய எண்தான் புழங்குகிறது. அதற்கு மேலே குண்டாஸ், 1982ஆம் வருஷத்துத் தமிழ்நாடு சட்டம், பன்னிரண்டு மாதம் வரை விசாரணையில்லாத் தடுப்புக் காவல். (திருட்டு வீடியோ விற்பவர்களையும் இதே சட்டத்தில்தான் சேர்த்திருக்கிறார்கள். உங்கள் படத்தைத் திருடுகிறவரும் உங்கள் படத்தில் வருகிறவரும் ஒரே சட்டத்தில் உள்ளே போகலாம், பாருங்கள்.)

"நான் பத்திரிகையாளர் மாதிரி, பதிவைக் கொடுக்க மறுக்கலாம்" என்று எழுதியிருக்கிறீர்கள். மன்னிக்கவும், பத்திரிகையாளருக்கே அப்படி ஒரு பொது விலக்கு நம் நாட்டில் இல்லை. 1978ஆம் வருஷத்து பிரஸ் கவுன்சில் சட்டத்தில் செய்தி மூலத்தைச் சொல்லத் தேவையில்லை என்று வருவது அந்தக் கவுன்சிலின் விசாரணைக்கு மட்டும். அந்தப் புதிய நடைமுறைச் சட்டமான பாரதிய நாகரிக் சுரக்ஷா சன்ஹிதாவின் 94ஆம் பிரிவின்படி, நீதிமன்றமோ காவல் நிலையப் பொறுப்பு அதிகாரியோ ஆவணத்தையும் மின்னணுக் கருவியையும் கேட்டு வாங்கலாம். ஆனால் எழுத்தில் கேட்க வேண்டும். போனில் "கொஞ்சம் குடுங்கம்மா" என்பது அந்தப் பிரிவு ஆகாது.

ஆகவே, மறுபடி போன் வந்தால் மரியாதையாகச் சொல்லுங்கள்: எழுத்தில் கொடுங்கள் சார், வக்கீலைக் கலந்துகொண்டு பதில் தருகிறேன். நிலையத்துக்கு வரச் சொன்னால், சாட்சியாக விசாரிக்கப் பெண்களை அவர்கள் வசிக்கும் இடத்தைத் தவிர வேறு எங்கும் வரச்சொல்ல முடியாது என்று அதே சட்டத்தின் 179ஆம் பிரிவு சொல்கிறது. நோட்டீஸ் வந்தால் அதில் கேட்ட காட்சியை மட்டும் நகலெடுத்து, ஒப்புகை பெற்றுக் கொடுக்கலாம்; அதை உங்கள் வக்கீல் பார்த்து முடிவு செய்யட்டும். ஹார்டு டிஸ்க்கைத் தூக்கிக் கொடுத்துவிடாதீர்கள். அதில் இருக்கும் மீதி மணி நேரங்களில் யார் யார் என்னென்ன பேசியிருக்கிறார்கள் என்று உங்களுக்கே முழுசாக நினைவிருக்காது. பதற்றத்தில் எதையும் அழித்தும் விடாதீர்கள். கேட்டுவிட்டார்கள் என்று தெரிந்த பிறகு, சாட்சியமாகாமல் தடுக்க ஒரு பதிவை அழிப்பது தனிக் குற்றம், சிறை வரை போகும். பார்த்ததை முன்னாலேயே ஏன் சொல்லவில்லை என்று மிரட்டினால் பயப்பட வேண்டாம். கொலை, கொள்ளை போன்ற சில குற்றங்களுக்குத்தான் பொதுமக்களுக்கு அந்தக் கடமை; அதே சட்டத்தின் 33ஆம் பிரிவில் பட்டியலே இருக்கிறது. கேக் வெட்டுவது அதில் இல்லை.

படத்தில் அந்தக் காட்சி வேண்டுமா? எனக்கு வேண்டாம் என்று தோன்றுகிறது. கானா என்றால் ரவுடி என்று ஏற்கெனவே நினைக்கிற ஆட்களுக்கு அது நீங்கள் எடுத்துக் கொடுக்கும் ஆதாரம். அதை எதிர்த்துத்தான் மூன்று வருஷம் அலைந்தேன் என்று கடிதத்தின் முதல் பக்கத்தில் எழுதியிருக்கிறீர்கள்.

தணிக்கைச் சான்றிதழ் பற்றிச் சுருக்கமாக. இந்தியாவில் பொதுத் திரையிடலுக்கு ஆவணப்படமானாலும் சான்றிதழ் வேண்டும், 1970இல் கே. ஏ. அப்பாஸ் உச்ச நீதிமன்றம் வரை போய் முன்தணிக்கையை எதிர்த்ததே ஒரு குறும் ஆவணப்படத்துக்காகத்தான், தோற்றார். இங்கே நடக்கும் விழாக்களுக்கு மத்திய அரசு விலக்கு அளிக்கலாம், அதை விழாக்காரர்கள் கேட்டு வாங்குவார்கள். வெளிநாட்டில் திரையிட இந்தச் சான்றிதழ் தடையில்லை.

பேட்டையில் திரை கட்டி எல்லோருக்கும் போட்டுக் காட்டலாமா என்று கேட்டிருக்கிறீர்கள். இப்போதைக்கு வேண்டாம். முதலில் படத்தில் வருகிறவர்களுக்கு மட்டும், ஒரு வீட்டுக்குள், இப்போது சொன்னதையெல்லாம் நீக்கிய வடிவத்தைக் காட்டுங்கள். அந்த அக்காவுக்குத் தனியாக, அவர் சொல்லும் நாளில், கூட அவருடைய அம்மாவோ தங்கையோ இருக்கும்போது. லேப்டாப்பில் காட்டுங்கள். யார் கெஞ்சினாலும் வாட்ஸ்அப்பில் ஒரு துண்டுகூட அனுப்பாதீர்கள். பாடகர் அடுத்த கச்சேரிக்குப் போட்டுக்காட்டக் கேட்பார். அவர் பாட்டு வரும் பகுதியை, பணம் பேசி எழுதி முடித்த பிறகு, தனியாக வெட்டிக் கொடுங்கள்.